செபால்ட் என்னும் பெயர்

மட்டக்களப்பு வாவியின் நடுவே, புளியந்தீவிலே நிற்கும் கோட்டையை ஒல்லாந்தர் கோட்டை என்றே மக்கள் வழங்குகின்றனர். அதனை முதலில் எழுப்பியவர் போர்த்துக்கேயர், ஆண்டு 1628. பத்தே ஆண்டுகளில் அது ஒல்லாந்தர் கைக்கு மாறிற்று. பெயரும் அவர்களுடையதாகவே நிலைத்துவிட்டது. ஆயினும், அக்கோட்டை எழுவதற்கு இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்பே, 1603ஆம் ஆண்டிலே, ஒல்லாந்தக் கடற்படைத் தலைவன் ஒருவன் இக்கரையிலே உயிர்விட்டான். அவனோடு வந்தவர்களுள் ஏறத்தாழ ஐம்பதுபேர் அதே நாளில் மடிந்தனர். அவன் பெயர் செபால்ட் டி வேர்ட்.

செபால்ட் என்ற பெயரைக் கேட்ட தமிழர் அதனைச் செபஸ்தியான் என்பதன் குறுக்கமாகக் கொள்ளுதல் இயல்பு. செபம், செபமாலை முதலிய சொற்களும் செவியிலே வந்து மோதும். ஆனால், இவற்றோடு அப்பெயருக்கு யாதொரு உறவும் இல்லை. செபஸ்தியான் கிரேக்க வழிவந்த பெயர். செபால்ட் என்பதோ ஐரோப்பாவின் வடபுலத்துக் காடுகளிலே கிறிஸ்தவ சமயம் பரவுமுன்னரே ஜேர்மானிய இனத்தார் வழங்கிய பெயர்களின் பரம்பரையைச் சேர்ந்தது. அதன் பழைய வடிவம் சிகிபால்ட். சிகி என்றால் வெற்றி. பால்ட் என்றால் துணிவுடையவன். வெற்றியிலே துணிந்தவன், வெற்றி வீரன் என்று அதனைத் தமிழாக்கலாம்.

சிகிபால்ட் எவ்வாறு செபால்ட் ஆயிற்று என்பது தமிழறிந்தோர்க்குப் புதிராகத் தோன்றாது. சொல்லின் நடுவே உயிர்களுக்கிடையில் நின்ற ககர ஒலி நாளடைவில் தேய்ந்து மறைந்தது, அவ்வளவே. பகுதி என்பது பாதி என்றும், மிகுதி என்பது மீதி என்றும் நம் மொழியிலே குறுகவில்லையா? மக்கள் வாயிலே நாள்தோறும் புரளும் சொல் எந்த நாட்டிலும் ஆற்றுக் கல்லைப் போலத் தேய்கின்றது. தேய்ந்தபின் அதன் பொருள், அதனைச் சுமப்பவனுக்கே தெரியாமற் போய்விடுகின்றது.

பழைய ஜேர்மானியர் பெயரிடும் முறையிலே ஒரு சிறப்பு உண்டு. அவர்களுடைய பெயர்களிற் பெரும்பாலானவை இரு சொற்களை இணைத்து ஆக்கப்பட்டவை. வெற்றி, புகழ், செல்வம், குடி, அமைதி என்பன போன்ற சொற்களுள் ஒன்றை முன்னே வைப்பர். துணிவு, ஒளி, காவல், ஆட்சி என்பன போன்றவற்றுள் ஒன்றைப் பின்னே சேர்ப்பர். சிகி என்பதை முன்னே உடையவை சிக்மண்ட், சீக்பிரீட் முதலிய பெயர்கள். மனவியல் அறிஞர் பிராய்ட் தாங்கிய சிக்மண்ட் என்ற பெயருக்கு வெற்றிக் காவல் என்பது பொருள். பால்ட் என்பதை உடையவை ஆர்ச்சிபால்ட், தியோபால்ட், லியோபோல்ட், போல்ட்வின் என்பன. துணிவுடையவன் என்று பொருள்படும் ஆங்கிலச் சொல்லாகிய போல்ட் என்பதும் இந்தப் பால்ட்டின் உடன்பிறப்பே.

தந்தையின் பெயரிலிருந்தோ தாயின் பெயரிலிருந்தோ ஒரு பாதியை எடுத்துப் பிள்ளையின் பெயரிலே வைத்தலும் அவர்களுடைய வழக்கம். வடபுலக் கதைகளிலே சிக்மண்டின் மகன் சிகுர்ட் எனப்படுகிறான். குணரத்தினம், குணநாயகம் என்று ஒரே வீட்டிலே அண்ணனுக்கும் தம்பிக்கும் பெயரிடும் தமிழருக்கு இவ்வழக்கத்தை விளக்கவேண்டியதில்லை. பாட்டன் பெயரைச் சுமப்பவன் என்ற காரணத்தால் பெயரன் என்றும், பின்னர் பேரன் என்றும் மகனின் மகனை அழைப்பது நம் மரபு. பெயர் என்பது குடியின் உடைமை. அது ஒருவனோடு தொடங்கி ஒருவனோடு முடிவதில்லை என்ற கருத்து இரு சாராருக்கும் பொதுவாக இருந்திருக்கிறது. இரு பாதிகளும் பொருளிலே எப்போதும் இசைந்து நிற்பதில்லை என்பதையும் குறிப்பிடவேண்டும். சீக்பிரீட் என்ற பெயரிலே வெற்றியும் அமைதியும் அருகருகே நிற்கின்றன. வெற்றி வந்தபின் அமைதியா, அமைதியே வெற்றியா என்று அப்பெயரைக் கேட்டுப் பயனில்லை. வாழ்த்து இலக்கணம் பார்ப்பதில்லை.

செபால்ட் என்ற பெயருக்குப் புகழ் தேடிக் கொடுத்தவர் ஒரு துறவி. தென் ஜேர்மனியிலுள்ள நியூரம்பேர்க் நகரத்தார் செபால்ட் என்ற புனிதரைத் தம் நகரின் காவலராகப் போற்றினர். கடுங்குளிரிலே ஓர் ஏழையின் குடிசையில் தங்கியபோது, அடுப்பிலிட விறகு கிடைக்காமையால் கூரையிலே தொங்கிய பனிக்கட்டிகளை எடுத்து அவர் எரித்தார் என்பது அவரைப் பற்றிய கதை. 1425ஆம் ஆண்டில் பாப்பரசர் ஐந்தாம் மார்ட்டின் அவரைப் புனிதர் வரிசையிற் சேர்த்தார். பீற்றர் விஷர் என்ற வெண்கல வார்ப்பாளர் தம் மைந்தர்களோடு 1508 முதல் 1519 வரை உழைத்து அவருடைய எச்சங்களுக்கு அமைத்த மண்டபம் இன்றும் அந்நகரத் தேவாலயத்திலே காணப்படுகின்றது. போர்க்களத்து வெற்றிக்காகப் பிறந்த பெயர், குளிரிலே நடுங்குவோர்க்கு அனல் மூட்டிய துறவியின் பெயராயிற்று. வாளேந்தியவன் பெயர் செபமாலை ஏந்தியவனுக்கு வந்து சேர்ந்தது.

நியூரம்பேர்க் வணிகர்கள் அக்காலத்திலே மிளகும் கறுவாவும் கொள்வதற்கு நாடிய பெருந்துறைமுகங்களுள் ஒன்று அன்ட்வேர்ப். அந்நகரிலேதான் 1567ஆம் ஆண்டு செபால்ட் டி வேர்ட் பிறந்தான். ஸ்பானியர் படை 1585இல் அன்ட்வேர்ப்பைக் கைப்பற்றியபோது பல்லாயிரவர் வடக்கே ஒல்லாந்த மாகாணங்களுக்கு ஓடினர். ஊரையிழந்த அவ்வணிகக் குடிகளின் பணமும் அறிவும் சினமுமே ஒல்லாந்தரின் கீழைக் கடற்பயணங்களுக்குப் பெருந்துணையாயின என்று கூறுதல் மிகையாகாது.

1598ஆம் ஆண்டு ஐந்து கப்பல்கள் மகல்லன் நீரிணை வழியாகக் கீழைத்தேசம் செல்லப் புறப்பட்டன. அவற்றின் பெயர்கள் நினைக்கத்தக்கவை: நம்பிக்கை, அன்பு, விசுவாசம், உண்மை, நற்செய்தி. ஆயின், பெயர்கள் காப்பாற்றவில்லை. நம்பிக்கை பசிபிக் மாகடலிலே மறைந்தது. நற்செய்தியை ஸ்பானியரும், உண்மையைப் போர்த்துக்கேயரும் பிடித்துக்கொண்டனர். அன்பு மட்டும் 1600இல் யப்பான் கரையை அடைந்தது. அதன் வழிகாட்டியாக இருந்த ஆங்கிலேயனாகிய வில்லியம் அடம்ஸ் அந்நாட்டிலேயே வாழ்ந்து மறைந்தான். விசுவாசம் என்ற கப்பலுக்குத் தலைவனாயிருந்தவன் டி வேர்ட். மகல்லன் நீரிணையிலே பனியிலும் பசியிலும் மாதக்கணக்காக அலைக்கழிந்து, பசிபிக் கடலிலே புயலால் மீண்டும் நீரிணைக்குள் தள்ளப்பட்டு, முடிவிலே அவன் ஊர் திரும்பத் தீர்மானித்தான். திரும்பும் வழியில், 1600ஆம் ஆண்டு ஜனவரி 24ஆம் நாள், தென் அத்திலாந்திக் கடலிலே மூன்று சிறு தீவுகளைக் கண்டான். அங்கே பெங்குயின் பறவைகள் நிறைந்திருந்தன. உணவுக்கு அவை பெரிதும் உதவியிருக்கும். ஆனால், கரைக்குச் செல்லப் படகு எஞ்சியிருக்கவில்லை. கண்டதோடு கப்பல் சென்றது. அவ்வாண்டு ஜூலையில் தாயகம் சேர்ந்தபோது நூற்றுக்கு மேற்பட்டிருந்த அவனுடைய மாலுமிகளில் எஞ்சியவர் 36 பேர். ஐந்து கப்பல்களிலே ஊர் திரும்பியது அவனுடையது ஒன்றே.

இத்தகைய துன்பத்தைக் கண்டவன் மீண்டும் கடலை நினைப்பானா என்று நமக்குத் தோன்றும். அவன் நினைத்தான். 1602இல் ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனி நிறுவப்பட்டபோது, வைபிரான்ட் வான் வார்விக் தலைமையிற் புறப்பட்ட கப்பல் தொகுதிக்கு அவன் துணைத் தளபதியானான். அவ்வாண்டின் இறுதியிலே மட்டக்களப்புக் கடலில் நங்கூரமிட்டான்.

இக்கரைக்கு வந்த ஒல்லாந்தத் தலைவர்களுள் அவன் முதல்வன் அல்லன். அதே ஆண்டு மே மாத இறுதியிலே ஜோரிஸ் வான் ஸ்பில்பேர்கன் என்பவன் இங்கே இறங்கி, கண்டிவரை சென்று மன்னனைக் கண்டு மீண்டிருந்தான். ஜோரிஸ் என்பது ஜோர்ஜ் என்ற கிரேக்கப் பெயரின் ஒல்லாந்த வடிவம். உழவன் என்பது அதன் பொருள். நெல்வயல் சூழ்ந்த மட்டக்களப்புக்கு உழவன் என்ற பெயரோடு வந்தவன் மதிப்போடு திரும்பினான். வெற்றி வீரன் என்ற பெயரோடு வந்தவன் திரும்பவில்லை. பெயருக்கும் விதிக்கும் தொடர்பு காண்பது அறிவுக்குப் பொருந்தாது. எனினும், இந்த ஒற்றுமை கருத்தை ஈர்க்காமலும் இல்லை.

அன்று கண்டியை ஆண்டவன் விமலதர்மசூரியன். மாசற்ற அறத்தின் ஞாயிறு என்று பொருள்படும் அப்பெயர் அவன் அரியணை ஏறியபோது சூடிக்கொண்டது. இளமையில் அவன் கோனப்பு பண்டாரன். போர்த்துக்கேயரிடம் அடைக்கலம் புகுந்து ஞானஸ்நானம் பெற்றபோது, ஐரோப்பாவிற் புகழ்பெற்ற தளபதி ஒருவனின் பெயரால் ஒஸ்திரியாவின் தொன் யுவான் என்று அழைக்கப்பட்டான். கோவாவிலே வாழ்ந்தவன், அவர்களுடைய மொழியையும் போர்முறையையும் பழக்கவழக்கங்களையும் நன்கு கற்றவன். பின்னர் அவர்களையே எதிர்த்து எழுந்தான். 1594இல் தந்துறைப் போரிலே போர்த்துக்கேயப் படையை அழித்து, அவர்கள் அரசியாக்கக் கொண்டுவந்திருந்த குசுமாசனதேவியை மணந்தான். அவளுக்கும் அவர்கள் இட்ட பெயர் ஒன்று இருந்தது: தோன கத்தரீனா. பெயரை ஆடைபோல் அணியவும் களையவும் தெரிந்த அரசனையே டி வேர்ட் எதிர்கொண்டான்.

மன்னனுடைய நோக்கம் தெளிவானது. போர்த்துக்கேயரைத் தரையிலே வெல்ல அவனால் முடியும், கடலிலே முடியாது. கப்பலுடைய நண்பர் தேவை. ஒல்லாந்தர் இந்நாட்டிலே கோட்டை அமைக்க வந்தால், தானும் அரசியும் பிள்ளைகளும் தோளிலே கல் சுமந்து உதவுவோம் என்று ஸ்பில்பேர்கனிடம் அவன் கூறியிருந்தான். டி வேர்ட்டும் கண்டிக்குச் சென்று அவனைக் கண்டான். கடல் வழியே ஒல்லாந்தரும் தரை வழியே கண்டிப் படையும் போர்த்துக்கேயரைத் தாக்குவதென உடன்பாடு பிறந்தது. டி வேர்ட் சுமாத்திராவிலுள்ள ஆச்சே சென்று, கப்பல்களைச் சேர்த்துக்கொண்டு, 1603இல் மட்டக்களப்புக்கு மீண்டான்.

இந்த இடைவேளையிலேதான் பிழை முளைத்தது. ஒல்லாந்தர் கடலிலே நான்கு போர்த்துக்கேயக் கப்பல்களைப் பிடித்தனர். அவற்றில் இருந்தோரை டி வேர்ட் கொல்லாது விடுவித்தான். ஐரோப்பியக் கண்கொண்டு நோக்கின் அது பெருந்தன்மை. போர்த்துக்கேயரோடு உயிரைப் பணயம் வைத்துப் போராடிய கண்டி மன்னனின் கண்ணுக்கோ, நண்பன் பகைவனை விருந்தாடி வழியனுப்பியது போலத் தோன்றிற்று. இவர்களும் அவர்களும் ஒரே முகத்தினர். ஒரே கடலில் வந்தவர்கள். இருவரும் கூடிச் சதி செய்யார் என்பதற்கு என்ன உறுதி? ஐயத்திற்குக் காரணம் இருந்தது என்றே கூறவேண்டும். மன்னன் ஐயுற்றது குற்றமன்று. அவ்வையத்தைக் களையும் பொறுமை டி வேர்ட்டிடம் இல்லாமற் போனதே கேடு.

மட்டக்களப்புக்கு வந்த மன்னனைத் தன் கப்பலைப் பார்வையிட வருமாறு டி வேர்ட் அழைத்தான். மரியாதைக்காக விடுக்கப்பட்ட அழைப்பே மன்னனின் ஐயத்தை வளர்த்தது. விருந்திலே மது பரிமாறப்பட்டது. அரசி கண்டியிலே தனித்திருக்கிறாள், விரைவிலே திரும்பவேண்டும் என்ற பொருள்பட மன்னன் பேசினான். மதுமயக்கிலே இருந்த டி வேர்ட் அரசியைக் குறித்துத் தகாத சொல் ஒன்றை மறுமொழியாகக் கூறினான். எந்த நாட்டு அரசனும் பொறுக்கமாட்டாத சொல் அது. இம்மன்னனோ போர்த்துக்கேய மொழியை நன்கறிந்தவன்; அச்சொல்லை மென்மையாக்கி உரைக்க இடையிலே ஒரு துபாசி நிற்கவில்லை. நாயைக் கட்டுங்கள் என்று கட்டளை பிறந்தது. கட்டுமுன்னே வெட்டு விழுந்தது. டி வேர்ட்டும் கரையிலிருந்த அவனுடைய ஆட்களும் கொல்லப்பட்டனர்.

அதன்பின் கப்பலிலிருந்த அடுத்த தலைவனுக்கு மன்னன் அனுப்பிய ஓலை, மிகச் சில சொற்களாலானது. குடிப்பவன் நல்லவனல்லன், இறைவன் நீதி செய்தான் என்பதோடு, சமாதானம் வேண்டின் சமாதானம், போர் வேண்டின் போர் என்ற கருத்தைப் போர்த்துக்கேய மொழியிலே அது தாங்கியிருந்தது. கொன்றவனும் கொலையுண்டவனும் தத்தம் மொழியை விட்டு, இருவருக்கும் பகைவராகிய போர்த்துக்கேயரின் மொழியிலேயே உறவாடினர் என்பது அக்காலத்து நிலையைக் காட்டும். ஒல்லாந்தர் போரைத் தெரியவில்லை. சமாதானத்தையும் உடனே நாடவில்லை. கப்பல்கள் சென்றுவிட்டன. அடுத்த ஆண்டிலே மன்னனும் இறந்தான்.

யாழ்ப்பாணத்திலே பணியாற்றிய ஒல்லாந்தப் பாதிரியார் பிலிப்பு பல்தேயு 1672இல் அம்ஸ்டர்டாமிலே வெளியிட்ட நூலிலும் டி வேர்ட்டின் முடிவு இடம்பெற்றிருக்கிறது. எழுபது ஆண்டுகள் கழிந்தும் அந்த ஒரு சொல் மறக்கப்படவில்லை.

அச்சொல்லாலே இழிவுபடுத்தப்பட்ட அரசி குசுமாசனதேவி, விமலதர்மசூரியனுக்குப் பின் ஆண்ட செனரத் மன்னனை மணந்தாள். அவர்களுடைய மகனே இரண்டாம் இராசசிங்கன். 1638ஆம் ஆண்டு மே மாதம் 18ஆம் நாள், அவன் படை தரையிலே நிற்க, அதம் வெஸ்டர்வோல்ட் என்பவனின் ஒல்லாந்தக் கப்பற்படை புளியந்தீவுக் கோட்டையைப் போர்த்துக்கேயரிடமிருந்து கைப்பற்றிற்று. ஐந்து நாளின்பின், 23ஆம் நாள், மட்டக்களப்பிலேயே இரு சாராரும் உடன்படிக்கையிற் கைச்சாத்திட்டனர். தாயின் மானத்திற்காக இரத்தம் சிந்திய அதே நாட்டிலே, முப்பத்தைந்து ஆண்டுகளின்பின், மகன் அந்த இனத்தாரோடு கைகோத்தான். இம்முறையும் சொல்லே வினையாயிற்று. கைப்பற்றப்படும் கோட்டைகளிலே, மன்னன் விரும்பின் மட்டும், ஒல்லாந்தர் படை வைக்கலாம் என்று மன்னனிடம் கொடுக்கப்பட்ட படியிலே இருந்தது. மன்னன் விரும்பின் என்ற தொடர் ஒல்லாந்தப் படியிலே இல்லை. அத்தொடர் இல்லாமையாலே எழுந்த பிணக்கு நெடுங்காலம் தீரவில்லை.

இனி, பெயருக்குத் திரும்புவோம். ஒல்லாந்தர் ஆட்சி இலங்கைக் கரையோரத்திலே 1796வரை நீடித்தும், செபால்ட் என்ற பெயர் இந்நாட்டிலே வேரூன்றவில்லை. ஆனால், அதன் சுற்றத்தார் பலர் இங்கே குடியேறி நிலைத்துவிட்டனர். அவர்களைக் கொண்டுவந்தவர்களிலே முதல்வர் ஒல்லாந்தருமல்லர், போர்த்துக்கேயர். ஐந்தாம் நூற்றாண்டு முதல் எட்டாம் நூற்றாண்டின் தொடக்கம்வரை ஐபீரியக் குடாநாட்டை ஆண்ட மேற்குக் கோத்தியர் ஓர் ஜேர்மானிய இனத்தார். அவர்களுடைய மொழி அங்கே மறைந்தது, பெயர்கள் எஞ்சின. ரொட்ரிகோ என்பது புகழும் ஆட்சியும் இணைந்த பெயர். பெர்னாண்டோ என்பதன் பிற்பாதிக்குத் துணிவு என்றே பொருள். செபால்ட்டின் பிற்பாதிக்கும் அதுவே பொருள். இலங்கைக் கரையோரத்திலே பெர்னாண்டோ என்று கையெழுத்திடும் தமிழரும் சிங்களவரும், கோத்தியரின் போர்ப்பெயர் ஒன்றைத் தம் வீட்டுப் பெயராகக் கொண்டுள்ளனர். மட்டக்களப்புப் பறங்கியரும் இவ்வரலாற்றின் வாரிசுகளே. தச்சும் கொல்லும் தொழிலாகக் கொண்டு, தேய்ந்த போர்த்துக்கேய மொழியை வீட்டுக்குள்ளே பேசி, நானூறு ஆண்டு நினைவைக் காத்துவந்த சிறு சமூகம் அது. 2004 டிசம்பர் 26ஆம் நாளின் ஆழிப்பேரலை, கடலோரத்து டச்பார் பகுதியிலே வாழ்ந்த அவர்களுட் பலரைக் கொண்டுசென்றது.

வில்லியம் என்ற பெயர் வந்த வழி வேறு. வில் என்பது மனவுறுதி. எல்ம் என்பது தலைக்கவசம். இதுவும் போர்வீரனுக்குரிய பெயரே. ஆயினும், மட்டக்களப்புக்கு அதனைக் கொண்டுவந்தோருள் நினைக்கப்படுபவர் படைவீரர் அல்லர். 1814இல் இங்கு வந்த மெதடிஸ்த சபைப் போதகர் வில்லியம் ஓல்ட், கடற்பயணத்திலேயே மனைவியை இழந்தவர். தனியாக வந்து, தமிழ் கற்று, பள்ளிக்கூடங்கள் திறந்து, ஓராண்டு நிறைவதற்குள்ளே 1815 ஏப்ரிலில் நோயால் இறந்தார். அவர் இங்கே வாழ்ந்தது ஏறத்தாழ எட்டு மாதங்கள். மெதடிஸ்த மத்திய கல்லூரி தன் வயதை அந்த 1814இலிருந்தே எண்ணுகின்றது.

டி வேர்ட்டும் சில மாதங்களே இந்நாட்டோடு தொடர்பு கொண்டிருந்தான். ஒருவன் பீரங்கியோடும் உடன்படிக்கையோடும் வந்தான். மற்றவர் ஏட்டோடும் எழுத்தோடும் வந்தார். பெயர் ஊரிலே வேரூன்றுவது வீட்டு வாயிலாகவும் பள்ளி வாயிலாகவும் கோயில் வாயிலாகவுமே. தொட்டிலிலே கிடக்கும் குழந்தையைப் பார்த்து ஒரு தாய் அழைக்க விரும்பாத பெயர், எவ்வளவு வெற்றியைத் தன் பொருளிலே சுமந்தாலும், ஏட்டிலேயே தங்கிவிடும். செபால்ட்டை அழைக்க இங்கே ஒரு தாயும் இருக்கவில்லை.

எனினும், அப்பெயர் உலகப் படத்திலிருந்து மறையவில்லை. 1600ஆம் ஆண்டிலே படகில்லாமற் கரையேற முடியாது அவன் பார்த்துச் சென்ற அந்த மூன்று தீவுகளும், அவற்றைச் சூழ்ந்தவையும், ஒல்லாந்தப் படங்களிலே செபால்ட் தீவுகள் எனக் குறிக்கப்பட்டன. அவை போக்லண்ட் தீவுக்கூட்டத்தின் வடமேற்கு மூலையில் உள்ளன. ஆங்கிலேயர் பின்னர் அவற்றுக்கு ஜேசன் தீவுகள் என்று வேறு பெயர் இட்டனர். ஸ்பானிய மொழியிலே அவை இன்றும் செபால்டெஸ் தீவுகளே. அங்கே மனிதர் நிலையாக வாழ்வதில்லை. பெங்குயின்களும் அல்பட்ரோஸ் பறவைகளும் கூடுகட்டி வாழ்கின்றன.